புதிய சமயக் குழுக்களை ஆராய்ந்தவர்கள் கண்டது என்ன?

நீங்கள் கேட்டவை இரண்டு. புதிய சமயக் குழுக்களில் சேர்பவர்களை மூளைச்சலவை செய்துதான் இழுக்கிறார்களா என்பது முதல் கேள்வி. இந்தக் குழுக்களை ஆராயும் பேராசிரியர்கள் அவற்றுக்கே வக்காலத்து வாங்குகிறார்கள் என்கிறார்களே, அது உண்மையா என்பது இரண்டாவது. உங்கள் சித்தி மகன் ஒரு குழுவில் சேர்ந்து ஒரு வருடம் ஆகிறது, வீட்டோடு பேச்சு குறைந்துவிட்டது என்றும் எழுதியிருக்கிறீர்கள். அவரைப் பற்றிக் கடைசியில் வருகிறேன்.

முதல் கேள்விக்கு நேரான பதில் இது: ஒருவர் ஏன் சேர்கிறார் என்பதை விளக்க மூளைச்சலவை என்ற கருத்து உதவாது. சேர்ந்தவரால் ஏன் வெளியேற முடியவில்லை என்பதை விளக்க அதில் ஓரளவு சரக்கு இருக்கிறது. இந்த இரண்டையும் பிரித்துப் பார்ப்பதற்கு ஆய்வுலகத்துக்குப் பல பத்தாண்டுகள் பிடித்தன. அந்தக் கதை தெரிந்தால்தான் இரண்டாவது கேள்விக்கும் பதில் புரியும்.

மூளைச்சலவை என்ற பேச்சு மதத்தைப் பற்றிக் கிளம்பியதே அல்ல. 1950-இல் எட்வர்ட் ஹன்டர் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர் சீனக் கம்யூனிஸ்டுகளைப் பற்றி எழுதும்போது அதைப் பரப்பினார். அடுத்து கொரியப் போர் வந்தது. போர் முடிந்ததும் சிறைப்பட்டிருந்த அமெரிக்கச் சிப்பாய்களில் 21 பேர் ஊர் திரும்ப மறுத்துச் சீனாவுக்குப் போனார்கள். நாடே அதிர்ந்தது. சிறைப்பட்டவர்கள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள், மனம் மாறியவர்கள் 21 பேர்தான் என்பது அந்தக் கூச்சலில் எடுபடவில்லை. ராபர்ட் லிஃப்டன் என்ற மனநல மருத்துவர் ஹாங்காங்கில் தங்கி, சீனச் சிறைகளிலும் 'சிந்தனைச் சீர்திருத்த' வகுப்புகளிலும் இருந்து வெளியே வந்த 25 மேலைநாட்டவரையும் 15 சீனரையும் நெடுநேரம் பேட்டி கண்டு, 1961-இல் ஒரு நூல் வெளியிட்டார். பின்னாளில் புதிய மதக் குழுக்களைத் தாக்கியவர்களில் பலர் அந்த நூலை ஆதாரமாகக் காட்டினார்கள். ஆனால் அதிலேயே இருக்கிறது: கைவிலங்கு, தூக்கமில்லாத இரவுகள், உயிர்ப்பயம் எல்லாவற்றையும் தாண்டி வந்தவர்களில், வெளியே வந்த பிறகும் அந்தக் கொள்கையை உறுதியாகப் பிடித்துக்கொண்டவர்கள் மிகச் சிலரே. சிறைக்குள் வைத்தே சாதிக்க முடியாததை, வார இறுதிப் பயிலரங்கு ஒன்றில் சாதித்துவிட முடியுமா என்ற கேள்வி அப்போதே எழுந்திருக்க வேண்டும்.

1960-களின் தொடக்கத்தில் ஜான் லாஃப்லாண்ட், ராட்னி ஸ்டார்க் என்ற இரண்டு ஆய்வு மாணவர்கள் சான் பிரான்சிஸ்கோ பகுதியில் ஒரு சிறு குழுவைத் தொடர்ந்து கவனித்தார்கள். கொரியாவில் 1954-இல் சன் மியுங் மூன் தொடங்கிய ஒருங்கிணைப்புச் சபையின் முதல் அமெரிக்கக் கிளைகளில் ஒன்று அது. யங் ஊன் கிம் என்ற பெண்மணி 1959-இல் ஆரிகன் மாநிலத்துக்கு வந்து அதை ஆரம்பித்து, பிறகு சான் பிரான்சிஸ்கோ பகுதிக்குக் கொண்டுவந்திருந்தார். பொதுக்கூட்டம், பிரசங்கம், விளம்பரம் எதுவும் அவருக்குப் பெரிதாக ஆள் சேர்க்கவில்லை. சேர்ந்தவர்கள் யார் என்று பார்த்தால், ஏற்கெனவே சேர்ந்தவரின் தோழி, தோழியின் கணவர், பக்கத்து வீட்டுக்காரர் என்று ஒரு சங்கிலி போகிறது. குழுவுக்குள் இருக்கும் நட்பு வெளியில் இருக்கும் நட்பைவிடக் கனமாகும்போது ஆள் உள்ளே போகிறார், கொள்கை அதற்கப்புறம்தான் மனதில் ஊறுகிறது. 1965-இல் வந்த அவர்களுடைய கட்டுரை இதை ஏழு படிகளாக விளக்கியது. அந்த ஏழு படிகளில் சிலவற்றைப் பின்வந்தவர்கள் தள்ளிவிட்டார்கள். உறவின் வழியாகத்தான் நம்பிக்கை வருகிறது என்ற கண்டுபிடிப்பு மட்டும் திரும்பத் திரும்பச் சோதிக்கப்பட்டும் நிற்கிறது. உங்கள் சித்தி மகன் விஷயத்தில் இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்பவும் வருகிறேன்.

1970-களில் இந்தக் குழுக்கள் கல்லூரி மாணவர்களிடையே பரவியபோது பெற்றோர்கள் பதறிப்போனார்கள். அந்தப் பதற்றத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. படித்துக்கொண்டிருந்த பிள்ளை படிப்பை விட்டுவிட்டுத் தெருவில் பூ விற்று நிதி திரட்டினால் எந்தத் தாய்க்கும் வயிறு எரியும். ஆனால் அந்தப் பதற்றத்தை வைத்து ஒரு தொழில் வளர்ந்தது. டெட் பேட்ரிக் போன்றவர்கள் பணம் வாங்கிக்கொண்டு, வயதுவந்த பிள்ளைகளைக் கடத்திக்கொண்டு போய், அறையில் அடைத்து, மனம் மாறும்வரை வாதாடினார்கள். சட்டத்தின் முன் இது ஆள்கடத்தல். அதை நியாயப்படுத்த ஒரு கோட்பாடு தேவைப்பட்டது: இந்தப் பிள்ளை தன் சுயபுத்தியில் இல்லை, மூளைச்சலவை செய்யப்பட்டிருக்கிறது. அறிவியல் கருத்தாக முன்வைக்கப்பட்டது நீதிமன்றத்துக்குத் தேவையான வாதமாகவும் இருந்தது என்பதுதான் இதில் சிக்கல்.

இந்த இடத்தில்தான் ஐலீன் பார்க்கர் வருகிறார். லண்டன் பொருளியல் கல்லூரியில் சமூகவியல் பேராசிரியராக இருந்தவர். இந்தத் துறையில் ஒரே ஒருவரைப் படிக்க நேரமிருக்கிறது என்றால் நான் அவரைத்தான் சொல்வேன். ஒருங்கிணைப்புச் சபையே அவரை அணுகி, எங்களைப் பற்றி எழுதுங்கள் என்றது. அவர் ஒரு நிபந்தனை வைத்தார்: நீங்கள் பொறுக்கி அனுப்பும் ஆட்களோடு நான் பேசமாட்டேன், உறுப்பினர் பட்டியல் முழுவதையும் கொடுங்கள், அதிலிருந்து நானே குலுக்கல் முறையில் ஆளைத் தேர்ந்தெடுப்பேன். கொடுத்தார்கள். அப்புறம் அவர் செய்த வேலை பல ஆண்டுகள் நீண்டது. உள்ளே இருப்பவர்களோடு தங்கினார், பயிலரங்குகளில் உட்கார்ந்தார், நீண்ட வினாப்படிவம் ஒன்றை நிரப்பச் சொன்னார். பெற்றோர்களையும் வெளியேறியவர்களையும் சந்தித்தார். அதே வயதும் அதே பின்னணியும் உள்ள, எந்தக் குழுவிலும் சேராத இளைஞர்களையும் ஒப்பிட்டுப் பார்த்தார். அதோடு மற்றவர்கள் அதிகம் செய்யாத ஒன்றையும் செய்தார். பயிலரங்குக்கு வந்துவிட்டுச் சேராமல் போனவர்களைத் தேடிப்பிடித்தார்.

அங்கேதான் விடை இருந்தது. 1979-இல் லண்டன் பகுதியில் அந்தச் சபையின் தங்கிப் பயிலும் வகுப்புகளுக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் போயிருந்தார்கள். அவர்களில் ஏறத்தாழப் பத்தில் ஒன்பது பேர் சேரவே இல்லை. சேர்ந்தவர்களிலும் பலர் கொஞ்ச காலத்தில் கிளம்பிவிட்டார்கள். இரண்டு ஆண்டு கழித்து முழுநேர உறுப்பினராக மிஞ்சியவர்கள், முதலில் வந்தவர்களில் 4 விழுக்காட்டுக்கும் குறைவு. எதிர்க்க முடியாத ஏதோ ஒரு வித்தையை எல்லோர் மேலும் பிரயோகித்தார்கள் என்றால் இந்தக் கணக்கு எப்படி வரும்? ஒரே சாப்பாடு, ஒரே உரை, ஒரே பாட்டு, ஒரே அன்புத் தொல்லை. நூறு பேரில் தொண்ணூறு பேர் கையை உதறிவிட்டு வீட்டுக்குப் போகிறார்கள். அப்படியானால் சேர்ந்தவரிடம் ஏதோ இருக்கிறது, அந்தக் குழுவிடமும் ஏதோ இருக்கிறது, இரண்டும் பொருந்தியிருக்கின்றன என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

சேர்ந்தவர்கள் மனநலம் குன்றியவர்கள், வழி தெரியாமல் அலைந்தவர்கள் என்ற எண்ணமும் அந்த ஆய்வில் நிற்கவில்லை. அப்படிப்பட்டவர்கள் வகுப்புக்கு வந்தார்கள், ஆனால் நிலைக்கவில்லை. நிலைத்தவர்களில் கணிசமானோர் ஒழுங்கான நடுத்தரக் குடும்பத்துப் பிள்ளைகள். கடமை, சேவை என்று சொல்லி வளர்க்கப்பட்டவர்கள். உலகத்துக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்ற துடிப்பு இருந்தும், கல்லூரியோ கோயிலோ அதற்கு இடம் தராததால் தவித்தவர்கள். பெற்றோர்கள் இதைக் கேட்டபோது ஆறுதல் அடைந்தார்களா, மேலும் நொந்தார்களா என்று நான் யோசிப்பதுண்டு. தாங்கள் கொடுத்த நல்ல வளர்ப்பே பிள்ளையை அங்கே கொண்டுபோய் விட்டது என்பது எளிதில் விழுங்கக்கூடிய செய்தி அல்ல.

பார்க்கர் சபைக்குச் சலுகை காட்டவும் இல்லை. கலிஃபோர்னியாவில் அதன் கிளை ஒன்று, தாங்கள் யார் என்பதை மறைத்து, ஏதோ ஒரு சமூகசேவை அமைப்பு போலக் காட்டிக்கொண்டு இளைஞர்களை வரவழைத்தது. அது ஏமாற்று வேலை. ஏமாற்றுவது வேறு, மனதைக் கைப்பற்றுவது வேறு. முதலாவதைத் தட்டிக் கேட்கச் சட்டம் போதும்.

1984-இல் அவருடைய நூல் வந்தபின் விவாதம் நீதிமன்றங்களுக்கும் தொழில்முறைச் சங்கங்களுக்கும் போனது. ஏமாற்றி ஆளை வசப்படுத்தும் முறைகளைப் பற்றி மார்கரெட் சிங்கர் என்ற உளவியலாளர் தலைமையில் ஒரு குழு தயாரித்த அறிக்கையை அமெரிக்க உளவியல் சங்கம் 1987 மே மாதம் ஏற்க மறுத்தது. அதில் அறிவியல் கண்டிப்பும் நடுநிலையும் போதவில்லை என்பது சங்கம் சொன்ன காரணம். 1990-இல் கலிஃபோர்னியாவில் ஒரு மோசடி வழக்கில், மூளைச்சலவை பற்றிய நிபுணர் சாட்சியத்தை நீதிபதி அனுமதிக்கவில்லை. அதோடு சட்ட அரங்கில் அந்தக் கோட்பாட்டின் செல்வாக்கு பெருமளவு சரிந்தது.

ஆனால் கதை அங்கே முடிந்துவிட்டது என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. கூட்டுவாழ்வுக் குழுக்களை நெடுங்காலம் ஆராய்ந்த பெஞ்சமின் ஜப்லாக்கி என்ற சமூகவியலாளர் ஒரு நல்ல கேள்வியைக் கேட்டார். சேர்வதைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறீர்களே, வெளியேறுவதற்கு என்ன விலை கொடுக்க வேண்டியிருக்கிறது என்று பார்த்தீர்களா? பத்து வருடம் ஒரு குழுவில் வாழ்ந்தவருக்கு வீடு, வேலை, துணை, பிள்ளை, நண்பர்கள், தான் யார் என்ற எண்ணம் எல்லாமே அதற்குள்தான். கதவு திறந்தே இருக்கலாம். வெளியே கால் வைத்தால் எல்லாம் போய்விடும் என்றால் அந்தத் திறந்த கதவால் என்ன பயன்? அவர் அதற்கும் மூளைச்சலவை என்றே பெயர் வைத்தது துறையில் பலருக்குப் பிடிக்கவில்லை. கேள்வி மட்டும் சரியானது. முதல் மாதத்தைப் பற்றிப் பார்க்கர் கண்டதும் பத்தாவது வருடத்தைப் பற்றி ஜப்லாக்கி கேட்டதும் மோதிக்கொள்ளவில்லை என்பதுதான் என் முடிவு.

சரி, இரண்டாவது கேள்வி. பேராசிரியர்கள் வக்காலத்து வாங்குகிறார்களா?

பெரும்பாலோர் இல்லை. ஆனால் குற்றச்சாட்டு காற்றில் வந்ததும் அல்ல. 1970-களிலும் 80-களிலும் ஒருங்கிணைப்புச் சபை உலகெங்கும் ஆடம்பரமான மாநாடுகள் நடத்தியது. பயணச் செலவு, தங்குமிடம் எல்லாம் அவர்களுடையது. புகழ்பெற்ற பலர் போனார்கள், பார்க்கரும் போனார். அவர் அதை மறைக்கவில்லை. ஆட்களை நெருங்கிப் பார்க்க அது ஒரு வழி என்று வாதிட்டார். அவருடைய ஆய்வு அதனால் கெட்டுப்போனதாக நான் நினைக்கவில்லை. ஆனால் ஆராயப்படுபவரிடமே டிக்கெட் வாங்கிக்கொள்வது தவறான வழக்கம், அதற்கான விலையைத் துறை பின்னால் கொடுத்தது.

அந்த விலை ஜப்பானில் தெரிந்தது. ஓம் ஷின்ரிக்கியோ என்ற குழு 1984-இல் ஒரு யோகா வகுப்பாகத் தொடங்கியது. ஷோகோ அசஹாரா அதன் தலைவர். 1989-இல் அது அரசிடம் சமய நிறுவனமாகப் பதிவு பெற்றது. அதே ஆண்டு நவம்பரில், தங்களை எதிர்த்து வழக்காடிய ஒரு வழக்கறிஞரையும் அவர் மனைவியையும் குழந்தையையும் அந்தக் குழுவினர் கொன்றார்கள். 1994 ஜூனில் மட்சுமோத்தோ நகரில் சாரின் நச்சுவாயுவை விட்டார்கள். 1995 மார்ச் 20 காலை டோக்கியோ சுரங்க ரயில்களில் அதே வாயு. பத்துக்கு மேற்பட்டோர் மாண்டார்கள், ஆயிரக்கணக்கானோர் பாதிக்கப்பட்டார்கள். அந்தத் தாக்குதலுக்குச் சற்று முன்புதான் ஷிமடா ஹிரோமி என்ற சமயவியல் பேராசிரியர் குழுவின் வளாகத்துக்குப் போய், அவர்கள் காட்டிய இடத்தைப் பார்த்துவிட்டு, அது ரசாயனத் தொழிற்சாலை போலத் தெரியவில்லை என்று எழுதினார். வேதியியல் தெரிந்த ஒருவர் கூடப் போயிருந்தால் என்ன சொல்லியிருப்பார்? ஷிமடா தன் பல்கலைக்கழகப் பதவியை இழந்தார். அதோடு நிற்கவில்லை. 1995 மே மாதம் அமெரிக்காவிலிருந்து சில ஆய்வாளர்கள், அந்தக் குழுவின் செலவிலேயே டோக்கியோவுக்குப் போய், சமயச் சுதந்திரம் மீறப்படுகிறது என்று எச்சரித்தார்கள். ஒரு நகரமே துக்கத்தில் இருந்த நேரம் அது. ஜப்பானில் சமயவியல் துறையின் மேல் மக்களுக்கு இருந்த நம்பிக்கை பல ஆண்டுகளுக்கு எழுந்திருக்கவில்லை.

இதற்கு நேர் எதிரான தவறும் உண்டு. 1954-இல் சிகாகோ பக்கம் ஓக் பார்க்கில் டாரத்தி மார்ட்டின் என்ற பெண்மணி, டிசம்பர் 21 அன்று பெருவெள்ளம் வரும், விண்கலம் ஒன்று வந்து நம்பியவர்களை ஏற்றிச் செல்லும் என்று சொன்னார். லியான் ஃபெஸ்டிங்கர் என்ற உளவியலாளரும் சகாக்களும் பக்தர்களைப் போல நடிக்கும் ஆட்களை அந்தச் சிறு வட்டத்துக்குள் அனுப்பினார்கள். வெள்ளம் வரவில்லை. தீர்க்கதரிசனம் பொய்த்தபின் அவர்கள் முன்னைவிட அதிகமாகப் பிரசாரம் செய்யத் தொடங்கினார்கள் என்று 1956-இல் எழுதினார்கள். உளவியல் பாடநூல்கள் எல்லாவற்றிலும் அது ஏறிவிட்டது. ஆனால் பத்துப் பதினைந்து பேர் கூடும் ஒரு வரவேற்பறையில் மூன்று நான்கு பேர் வேடமிட்ட ஆய்வாளர்கள் என்றால், அங்கே நடப்பது யாருடைய நம்பிக்கை? 2025-இல் ஃபெஸ்டிங்கரின் காகிதங்களைப் படித்த தாமஸ் கெல்லி, அந்த ஆட்கள் வெறுமனே கவனிக்கவில்லை, நிகழ்வுகளையே திசைதிருப்பினார்கள், குழுவின் நம்பிக்கையும் நூல் சொன்ன விதத்தில் நீடிக்கவில்லை என்று வாதிட்டிருக்கிறார். ஓம் விஷயத்தில் ஆய்வாளர்கள் அளவுக்கு மீறி நம்பினார்கள். இங்கே நம்பியதுபோல் நடித்தார்கள். இரண்டிலும் எதிரே இருந்த மனிதர்களுக்கு நியாயம் கிடைக்கவில்லை.

இந்தத் துறையின் மேல் எனக்கிருக்கும் பெரிய குறை குழந்தைகளைப் பற்றியது. சேர்ந்தவர் வயதுவந்தவர், அவர் விருப்பம் என்று வாதிட்டுக்கொண்டே இருந்ததில், அங்கேயே பிறந்த பிள்ளைகளுக்கு அந்த விருப்பமே இருந்ததில்லை என்பது நெடுங்காலம் கண்ணில் படவில்லை. அதை உடைத்தவர்களில் ஒருவர் பர்க் ராச்ஃபோர்டு. ஹரே கிருஷ்ணா இயக்கத்தை (1966-இல் நியூயார்க்கில் தொடங்கியது) 1970-களின் நடுவிலிருந்து ஆராய்ந்தவர். அவர்களோடு நல்ல உறவு வைத்திருந்தவர். 1998-இல் அவரும் சக ஆய்வாளர் ஒருவரும், 1971 முதல் 1986 வரை அந்த இயக்கத்தின் குருகுலங்களில் பிள்ளைகள் அடி உதைக்கும் பாலியல் வன்முறைக்கும் ஆளானதைப் பற்றி விரிவாக எழுதினார்கள். அது வெளிவந்தது இயக்கத்தின் சொந்த ஆய்விதழிலேயே. துறவே உயர்ந்தது, இல்லறம் தாழ்ந்தது என்ற எண்ணம் எப்படிப் பிள்ளைகளைக் கவனிப்பாரற்றவர்களாக்கியது, நிதி திரட்டப் பெற்றோரை அனுப்ப வேண்டி எப்படிப் பள்ளிகள் பிள்ளைகளை வைத்துக்கொள்ளும் இடமாக மாறின என்று காரணத்தோடு காட்டினார்கள். 2000-இல் முன்னாள் மாணவர்கள் வழக்குப் போட்டார்கள். வெளியிலிருந்து வசை பாடியவர்களால் அப்படி எழுதியிருக்க முடியாது, உள்ளே மயங்கிக் கிடந்தவர்களாலும் முடியாது. இந்தத் துறை எப்படி இருக்க வேண்டும் என்று யாராவது கேட்டால் அந்தக் கட்டுரையைத்தான் காட்டுவேன்.

நம்பிக்கையை உள்ளிருந்து புரிந்துகொள்வது ஏதோ படித்தவர்களின் பொழுதுபோக்கு என்று நினைப்பவர்களுக்கு வேகோ ஒரு பதில். டெக்சாஸில் வேகோ நகருக்கு வெளியே பிராஞ்ச் டேவிடியன் என்ற கிறித்தவக் குழு வாழ்ந்தது. அதன் தலைவர் டேவிட் கொரேஷ் நல்ல மனிதர் என்று நான் சொல்ல வரவில்லை. சிறுமிகளையும் அவர் மனைவியாக வைத்திருந்தார். 1993 பிப்ரவரி 28 அன்று சட்டவிரோத ஆயுதங்களைத் தேடி அரசு அதிகாரிகள் புகுந்தபோது நடந்த சண்டையில் அதிகாரிகள் நால்வரும் குழுவினர் ஆறு பேரும் இறந்தார்கள். பிறகு 51 நாள் முற்றுகை. தொலைபேசியில் கொரேஷ் மணிக்கணக்கில் வெளிப்படுத்தின விசேஷத்தைப் பற்றிப் பேசினார். பைபிளின் கடைசி நூல் அது, ஏழு முத்திரையிட்ட ஒரு சுருள் திறக்கப்படுவதைச் சொல்வது. எஃப்.பி.ஐ. அதிகாரிகளுக்கு அது பைபிள் உளறல். ஜேம்ஸ் டேபர், பிலிப் ஆர்னால்டு என்ற இரண்டு விவிலிய ஆய்வாளர்களுக்கு அது உளறலாகப் படவில்லை. தாங்கள் ஐந்தாம் முத்திரையின் காலத்தில் இருப்பதாக உள்ளே இருப்பவர்கள் நம்புகிறார்கள் என்று அவர்கள் கண்டார்கள். அந்த வசனம் கொல்லப்பட்டவர்களைக் கொஞ்சகாலம் காத்திருக்கச் சொல்கிறது. காத்திருப்பதற்கும் வெளியே வருவதற்கும் அதே வேதத்துக்குள்ளேயே வழி இருக்கிறது என்று ஏப்ரல் 1 அன்று வானொலியில் பேசினார்கள். கொரேஷ் கேட்டார். ஏப்ரல் 14 அன்று, ஏழு முத்திரைகளுக்கும் விளக்கம் எழுதி முடித்ததும் வெளியே வருகிறேன் என்று கடிதம் கொடுத்தார். அதிகாரிகள் அதைக் காலம் கடத்தும் தந்திரம் என்றார்கள். ஏப்ரல் 19 அன்று கவச வாகனங்கள் சுவரை இடித்துக் கண்ணீர்ப்புகை செலுத்தின. தீப்பிடித்தது. தீ உள்ளிருந்தே மூட்டப்பட்டது என்று பிந்தைய அரசு விசாரணை சொன்னது. 76 பேர் இறந்தார்கள், இருபதுக்கு மேற்பட்ட குழந்தைகள் உட்பட. தப்பி வந்த ஒரு பெண்ணின் கையில் ஒரு கணினித் தகடு இருந்தது. அதில் முதல் முத்திரைக்கான விளக்கம் எழுதி முடிக்கப்பட்டிருந்தது.

அவர் உண்மையில் வெளியே வந்திருப்பாரா என்று யாராலும் சொல்ல முடியாது. அவர் எழுதிக்கொண்டிருந்தார் என்பது மட்டும் உறுதி. 1996-இல் மொன்டானாவில் ஃப்ரீமென் என்ற ஆயுதக் குழுவை முற்றுகையிட்டபோது எஃப்.பி.ஐ. சமய ஆய்வாளர்களைக் கலந்து பேசியது. 81 நாள் கழித்து அது உயிர்ச்சேதமின்றி முடிந்தது.

நம் பக்கத்திலும் இந்த முறைகளுக்கு வேலை உண்டு. அய்யாவழியை எடுத்துக்கொள்ளுங்கள். இன்று தென் திருவிதாங்கூர்ப் பகுதியில் அது ஊரோடு ஊராகிவிட்ட மரபு. ஆனால் 1833-க்குப் பிறகு அய்யா வைகுண்டர் சாமிதோப்பில் இருந்து பேசத் தொடங்கியபோது அது எல்லா அர்த்தத்திலும் புதிய இயக்கம். தலைப்பாகை கட்டும் உரிமை மறுக்கப்பட்டவர்களைத் தலைப்பாகையோடு வணங்கச் சொன்ன இயக்கம். திருவிதாங்கூர் அரசு அவரைச் சிறையில் வைத்தது. அந்தக் காலத்து எழுத்துச் சான்றுகளில் முக்கியமானவை இரண்டு வகை. ஒன்று, சீடர் அரிகோபாலன் வழியாக 1841-இல் வந்ததாக மரபு சொல்லும் அகிலத்திரட்டு அம்மானை. இன்னொன்று லண்டன் மிஷனரி சங்கத்தின் அறிக்கைகள். மிஷனரிகளுக்கு அவர் 'முத்துக்குட்டி'. தங்கள் சபைக்கு வரவேண்டியவர்களை வழிமறித்த ஏமாற்றுக்காரர். பக்தருக்கு அவர் நாராயணர். சென்னைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜி. பேட்ரிக் 2003-இல் வெளியிட்ட ஆய்வு இரண்டையும் சேர்த்துப் படிக்கிறது. எதிராளியின் எரிச்சலில் இருந்தே இயக்கம் எவ்வளவு வேகமாகப் பரவியது என்பதைக் கணக்கிட முடிகிறது. பக்தரின் நூலில் இருந்து, ஒடுக்கப்பட்டவர்கள் அந்த வாக்குகளை எப்படித் தங்கள் நிமிர்வாக மாற்றிக்கொண்டார்கள் என்று தெரிகிறது. மிஷனரி அறிக்கையை மட்டும் வைத்திருந்தால் வைகுண்டர் இன்றைக்கு ஓர் அடிக்குறிப்பாக எஞ்சியிருப்பார்.

இறந்தவர்களையும் மறந்துவிடக் கூடாது. 1978 நவம்பர் 18 அன்று, ஜிம் ஜோன்ஸ் என்பவரின் 'மக்கள் ஆலயம்' என்ற குழு கயானா நாட்டில் அமைத்த ஜோன்ஸ்டவுனிலும் அந்நாட்டின் வேறு இடங்களிலும் 918 பேர், பெரும்பாலும் நஞ்சால், மாண்டார்கள். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு குழந்தைகள். பெரும்பாலோர் கறுப்பின மக்கள், இனப் பாகுபாடு இல்லாத ஊர் ஒன்றைக் கட்டலாம் என்று நம்பிப் போனவர்கள். உலகம் அவர்களைப் பிணக்குவியலின் புகைப்படமாகவே நினைவில் வைத்தது. ரெபெக்கா மூர் என்ற சமயவியல் பேராசிரியர் அங்கே தன் இரண்டு சகோதரிகளை இழந்தவர். அவரும் அவர் கணவரும் பல ஆண்டுகளாக, இறந்த ஒவ்வொருவரின் பெயர், படம், எழுதிய கடிதம், பதிவான குரல் என்று சேர்த்து, சான் டியாகோ மாநிலப் பல்கலைக்கழகத்தின் ஆவணத் தொகுப்பாக்கினார்கள். சகோதரிகள் செய்ததை அவர் மூடி மறைக்கவும் இல்லை. இருவரும் தலைமைக்கு நெருக்கமாக இருந்தவர்கள். வக்காலத்து என்று பேசுபவர்கள் அந்தத் தொகுப்பில் ஒரு மணிநேரம் செலவிட்டால் நல்லது.

இனி உங்கள் சித்தி மகன். 1988-இல் பார்க்கர் பிரிட்டனில் இன்ஃபார்ம் என்ற அமைப்பைத் தொடங்கினார். உள்துறை அமைச்சகமும் பெரிய திருச்சபைகளும் ஆதரவு தந்தன. கவலைப்படும் குடும்பங்களுக்குக் குறிப்பிட்ட குழுவைப் பற்றிச் சரிபார்த்த தகவலைத் தருவதுதான் அதன் வேலை. அப்படிப்பட்ட அனுபவத்தில் இருந்து திரும்பத் திரும்பக் கிடைப்பது ஒன்று: தொடர்பை அறுக்காதீர்கள். மேலே சொன்ன சங்கிலி இரண்டு பக்கமும் இழுக்கும். வெளியில் ஓர் உறவு உயிரோடு இருந்தால், ஒருநாள் கிளம்ப நினைப்பவருக்குக் கால் வைக்க ஓர் இடம் இருக்கும். சித்தியும் சித்தப்பாவும் கோபத்தில் 'இனிமேல் இந்த வீட்டு வாசலை மிதிக்காதே' என்று சொல்லியிருந்தால் அதைத் திரும்பப் பெறச் சொல்லுங்கள். கொள்கையைப் பற்றி அவரோடு வாதாடவே வேண்டாம். என்ன சாப்பிடுகிறார், யாரோடு தங்குகிறார், அன்றாடம் என்ன வேலை என்று கேளுங்கள், சொல்வதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

அதே நேரம் கண்ணை மூடிக்கொள்ளவும் வேண்டாம். அந்தக் குழு நல்லதா கெட்டதா என்று மொத்தமாகத் தீர்ப்புச் சொல்ல முயன்றால் எங்கும் போய்ச் சேராது. தனித்தனியாகப் பாருங்கள். சம்பளமோ சொத்தோ அவர் பெயரில் இருக்கிறதா, எழுதிக் கொடுத்துவிட்டாரா? காய்ச்சல் வந்தால் டாக்டரிடம் போக விடுகிறார்களா? வரவு செலவு யாருக்காவது காட்டப்படுகிறதா? விட்டுப் போனவர்களைப் பற்றி உள்ளே எப்படிப் பேசுகிறார்கள்? விட்டுப் போனவர்களில் ஒருவரையாவது நீங்கள் சந்திக்க முடிந்தால் சந்தியுங்கள், ஆனால் ஒருவர் சொன்னதை வைத்து மட்டும் முடிவெடுக்க வேண்டாம். அங்கே குழந்தைகள் இருந்து, அவர்கள் அடிபடுவதாகவோ பள்ளிக்குப் போகாமல் இருப்பதாகவோ தெரிந்தால் அது சமயச் சுதந்திரத்துக்குள் வராது, உடனே குழந்தைகள் உதவி எண்ணான 1098-க்குச் சொல்லுங்கள். ஒரு சின்னக் காரியமும் செய்து பாருங்கள். வீட்டில் அடுத்து வரும் கல்யாணத்துக்கோ பொங்கலுக்கோ சாதாரணமாகக் கூப்பிடுங்கள். அவர் தனியாகக் கிளம்பி வந்து நாலு நாள் தங்க முடிகிறதா, இல்லை யாரிடமாவது அனுமதி வாங்க வேண்டியிருக்கிறதா, கூட ஒருவர் வருகிறாரா என்பதில் நிறையத் தெரிந்துவிடும்.

குழுவின் பெயரையோ அவர் பெயரையோ எழுத வேண்டாம். எந்த ஆண்டு தொடங்கியது, தலைவர் உயிரோடு இருக்கிறாரா, உறுப்பினர்கள் ஒரே வளாகத்தில் வாழ்கிறார்களா அல்லது வீட்டிலிருந்தே போய்வருகிறார்களா என்ற மூன்றை மட்டும் சொன்னால், அதுபோன்ற குழுக்களைப் பற்றி என்ன ஆய்வுகள் வந்திருக்கின்றன என்று பார்த்துச் சொல்கிறேன்.